ஃபார்முலா ஒன் ஓட்டாத மன்னர்

கேள்வி: ஃபார்முலா ஒன் பந்தயம் ஒன்றில்கூட ஓட்டாத ஒருவர், கார் பந்தயத்தில் பெரிய ஆள் ஆக முடியுமா?

பதில்: டென்மார்க்கின் டாம் கிறிஸ்டென்சன் ஆகிக் காட்டினாரே! பிரான்சில் நடக்கும் லே மான் 24 மணி நேரப் பந்தயத்தை ஒன்பது முறை வென்றவர். வேறு எவருக்கும் அத்தனை வெற்றி இல்லை. 1997-இல் கடைசி நேர மாற்று ஆளாகப் போர்ஷே காரில் ஏறினார். இரவில் அவர் ஓட்டிய வேகத்தில் போட்டியே திசை மாறியது. 2000 முதல் 2005 வரை ஆண்டு தவறாமல் வெற்றி! ஐந்து ஆவுடியில், நடுவே ஒன்று பென்ட்லியில்.

அங்கே ஒரு காரை மூவர் முறை வைத்து ஓட்டுவார்கள். கூட்டுக் குடித்தனம்தான்! ஒருவர் தடுப்பில் மோதினால் மூவருக்கும் பந்தயம் முடிந்தது. அதனால் தன் முறை முடிந்ததும் டயரையும் பிரேக்கையும் நல்ல நிலையில் அடுத்தவரிடம் ஒப்படைப்பவரே இங்கே கெட்டிக்காரர். கிறிஸ்டென்சனிடம் வேகமும் இருந்தது, இந்தப் பொறுப்பும் இருந்தது. எனக்கு அவரைப் பிடித்ததே இதனால்தான்.

2013-இல் அதே பந்தயத்தில் சக டென்மார்க் வீரர் ஆலன் சைமன்சன் விபத்தில் இறந்தார். அந்தப் பந்தயத்தில் கிடைத்த தன் ஒன்பதாவது வெற்றியை அவருக்கே சமர்ப்பித்தார் கிறிஸ்டென்சன். அடுத்த ஆண்டு ஓய்வு பெற்றுவிட்டார்.