போணியாகாத சரக்கு

2009 ஏப்ரல் 25, 26. நியூயார்க் ரேடியோ சிட்டி மண்டபத்தில் இரண்டு நாள் விசேஷம். அமெரிக்காவின் தேசிய ஃபுட்பால் லீகைச் சேர்ந்த 32 அணிகளும் கல்லூரிப் பையன்களைப் பங்கு பிரித்துக்கொள்ளும் வைபவம். பெயர் டிராஃப்ட். ஐபிஎல் ஏலம் போல என்று நினைத்துவிட வேண்டாம். ஏலத்தில் காசு பேசும். இங்கே வரிசை பேசும். போன வருடம் படுமோசமாகத் தோற்ற அணிக்கு முதல் பந்தி, கோப்பை தூக்கியவர்களுக்குக் கடைசிப் பந்தி. மொத்தம் ஏழு சுற்று. அந்த ஆண்டு 256 பெயர்களை மேடையேறி வாசித்தார்கள்.

இதற்கு முன்னால் மாதக்கணக்கில் நடக்கிற பெண் பார்க்கும் படலம்தான் வேடிக்கை. பையனை எடை போடுவார்கள். உயரம் அளப்பார்கள். உள்ளங்கை எத்தனை அங்குலம் என்று நீட்டச் சொல்லிப் பார்ப்பார்கள். 40 கெஜம் ஓடவிட்டு, கையில் கடிகாரத்தோடு மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். ஒரு பாட்டுப் பாடச் சொல்வதுதான் பாக்கி. இவ்வளவு ஆராய்ச்சிக்கும் பிறகு கடைசியாகப் பெயர் வாசிக்கப்படுகிறவருக்கு ஒரு பட்டமும் உண்டு: ‘மிஸ்டர் இர்ரெலவண்ட்’. திருவாளர் தேவையற்றவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த வருடம் அது ரயன் சக்கப் என்கிற கிக்கருக்குப் போனது. கிக்கர் என்றால் ஆட்டத்தில் எப்போதாவது உள்ளே வந்து, பந்தை ஒரு உதை உதைத்துவிட்டு, உடுப்பு கசங்காமல் வெளியே போகிறவர்.

அந்தத் திருவாளர் தேவையற்றவருக்கும் பின்னால், கேலிப்பட்டம்கூடக் கிடைக்காமல் நின்றவர் ஒருவர் இருந்தார். ஏரியன் ஃபாஸ்டர்.

பெயரிலேயே கோளாறு தொடங்குகிறது. ‘அக்வேரியன்’ என்பதன் சுருக்கம்தான் ஏரியன். அதாவது கும்ப ராசிக்காரர். ஆனால் பிள்ளை பிறந்ததோ 1986 ஆகஸ்ட் 24. மேலைநாட்டுக் கணக்கில் அது கன்னி. ஞானத்தைச் சுமப்பவன் என்று பொருள் வருகிறதே என அப்பா ஆசையாக வைத்த பெயர். ராசிக்கட்டத்தை யார் பார்த்தார்கள்? ஊர் நியூ மெக்சிகோவின் ஆல்புகர்க்கி. அப்பாவும் கல்லூரியில் ஃபுட்பால் ஆடியவர்தான். குடும்பத்தில் பந்து இருந்த அளவுக்குப் பணம் இல்லை.

டென்னசி பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்தது. அங்கே போய் இவர் எடுத்த பாடம் தத்துவம். தடியன்கள் மோதிக்கொள்ளும் ஆட்டத்துக்கு வந்த பையன் தத்துவம் படித்தால் பயிற்சியாளர்கள் எப்படிப் பார்ப்பார்கள்? கல்யாணத்துக்கு வந்த சமையல்காரர் கவிதைப் புத்தகத்தோடு இறங்கினால் பார்ப்பது போலத்தான். பந்தை இடுக்கிக்கொண்டு எதிரணிக்குள் ஓடுவதுதான் இவர் வேலை; அது என்னவோ நன்றாகவே வந்தது. 2007-இல் 1,193 கெஜம் ஓடினார். அப்போதே டிராஃப்டுக்குப் போயிருக்கலாம். இன்னொரு வருடம் இருந்து, பல்கலைக்கழகச் சாதனையையும் முறித்துவிட்டுப் போகலாம் என்று தங்கினார். தத்துவம் படித்தவர் எடுக்கிற முடிவுதான் இது. 2008-இல் அணி 12 ஆட்டத்தில் 7 தோற்றது. இவர் கணக்கு 570 கெஜத்தோடு நின்றது. சாதனைக்கு நூற்றுச் சொச்சம் கெஜம் குறைந்தது.

போதாததற்குப் பந்தை நழுவவிடுகிறவர் என்ற பெயர் வேறு. 2007 புத்தாண்டன்று அவுட்பேக் பவுல் ஆட்டம், பென் ஸ்டேட் அணியோடு. ஆளுக்குப் பத்துப் புள்ளி. நான்காவது கட்டத்தில் இவர் கையிலிருந்து பந்து நழுவ, எதிரணிக்காரர் ஒருவர் பொறுக்கிக்கொண்டு 88 கெஜம் ஓடிப் புள்ளி எடுத்தார். ஆட்டம் போச்சு. ஓட்டக்காரர் பந்தை நழுவவிடுவது, தாலி கட்டுகிற நேரத்தில் மாப்பிள்ளை தாலியைத் தொலைப்பது மாதிரி. மற்றதெல்லாம் மறந்துபோகும். அது மட்டும் போகாது.

டென்னசி நாட்களைப் பற்றி ஒரு கதையை 2013-இல் ஆவணப்படம் ஒன்றில் இவரே போட்டு உடைத்தார். அங்குள்ள நேலண்ட் மைதானத்தில் ஒரு லட்சம் பேருக்கு மேல் உட்காரலாம். அத்தனை பேரும் காசு கொடுத்து, ஃபாஸ்டரின் எண் போட்ட பனியனையும் வாங்கிக்கொண்டு, கத்திவிட்டுப் போவார்கள். ஃபாஸ்டர் அறைக்குத் திரும்பிக் குளிர்ப்பெட்டியைத் திறந்தால் உள்ளே வெளிச்சம் மட்டும் இருக்கும். அந்தக் காலத்தில் கல்லூரி ஆட்டக்காரர்கள் ‘அமெச்சூர்’களாம், காசு வாங்கினால் தீட்டாம். ஒருநாள் பசி தாங்காமல் பயிற்சியாளரைக் கூப்பிட்டு, சாப்பாடு வாங்கித் தராவிட்டால் ஏதாவது ஏடாகூடமாகச் செய்துவிடுவோம் என்று சொல்லியிருக்கிறார்கள். அவர் நாலைந்து பேருக்காக 50 டாக்கோ வாங்கி வந்தார். மடித்த சோள ரொட்டிக்குள் கறியும் கீரையும் வைத்தது. அதுவும் விதிமீறல்! கடைசி வருடத்தில் ரகசியமாகப் பணமும் வாங்கினேன் என்று அதே படத்தில் ஒப்புக்கொண்டார். ஊரே கொந்தளித்தது. எனக்கென்னவோ அந்த 50 டாக்கோவை நாலைந்து பேர் எப்படித் தீர்த்தார்கள் என்பதுதான் இன்றுவரை ஆச்சரியம்.

சரி, 2009-க்கு வருவோம். 256 பேரும் போன பிறகு ஹூஸ்டன் டெக்சன்ஸ் அணி இவரைச் சேர்த்துக்கொண்டது. போணியாகாத சரக்கு, மூலையில் கிடந்துவிட்டுப் போகட்டும் என்கிற தயவு. பிரதான அணியில் வைக்காமல் பயிற்சிப் பட்டியலில் போட்டார்கள். வாரக்கூலி வாங்கிக்கொண்டு, நிஜ ஆட்டக்காரர்கள் பழகுவதற்காக மோதப்படுகிற வேலை. நவம்பரில்தான் மேலே ஏற்றினார்கள். வருடத்தின் கடைசி ஆட்டத்தில், நியூ இங்கிலாந்துக்கு எதிராக, 119 கெஜம் ஓடிக் காட்டினார். நிர்வாகம் அகமகிழ்ந்து என்ன செய்தது தெரியுமா? அடுத்த டிராஃப்டில், 2010-இல், இரண்டாம் சுற்றுத் தேர்வைச் செலவழித்து பென் டேட் என்ற இன்னொரு ஓட்டக்காரரை எடுத்தது.

விதி உடனே வந்து ஆஜரானது. ஆட்டக்காலம் தொடங்குமுன் நடக்கும் ஒத்திகை ஆட்டத்தில் டேட்டுக்குக் கணுக்கால் உடைந்தது. இடம் ஃபாஸ்டருக்கு வந்தது.

2010 செப்டம்பர் 12. எதிரே இண்டியானாபொலிஸ் கோல்ட்ஸ். நட்சத்திர ஆட்டக்காரர் பெய்டன் மானிங்கின் அணி. முந்தைய வருட டிராஃப்டில் ஃபாஸ்டர் கண்ணிலேயே படாமல், முதல் சுற்றில் டொனால்ட் பிரவுன் என்ற ஓட்டக்காரரைக் கொத்திக்கொண்டு போனவர்களும் இவர்கள்தான். அன்றைக்கு ஃபாஸ்டர் 33 முறை பந்தை வாங்கி 231 கெஜம் ஓடினார். மூன்று டச்டவுன், அதாவது பந்தோடு எல்லைக்கோட்டைத் தாண்டிப் புள்ளி எடுத்தது மூன்று முறை. ஹூஸ்டன் 34, கோல்ட்ஸ் 24. ஆட்டக்காலத்தின் முதல் வாரத்தில் அதைவிட அதிகம் ஓடியவர் சரித்திரத்திலேயே ஒருவர்தான்: 1973-இல் 250 கெஜம் ஓடிய ஓ. ஜே. சிம்சன். அவர் பிற்காலத்தில் வெள்ளைக் காரில், பின்னால் போலீஸ் வண்டிகள் அணிவகுக்க, இன்னும் நீண்ட தூரம் ஓடினார். அது இந்தக் கணக்கில் சேராது.

கடிகாரம் பிடித்த ஆசாமிகள் எதைக் கோட்டைவிட்டார்கள்? பயிற்சியாளர் கேரி குபியாக்கின் முறையில் முன்வரிசைத் தடியன்கள் நேரே முட்ட மாட்டார்கள். எல்லோரும் சேர்ந்து பக்கவாட்டில் நகர்வார்கள். எதிரணியும் கூடவே நகரும். அந்த நகர்வில் எங்கேயாவது ஒரு சந்து திறக்கும். ஓட்டக்காரன் அதுவரை பொறுக்க வேண்டும். திறந்ததும் ஒரே வெட்டு, உள்ளே. முன்னால் 140 கிலோ மலைகள் உருண்டுகொண்டிருக்கும்போது, கோயில் வரிசையில் நிற்பவர் போல அரை நொடி சும்மா நிற்கவேண்டும். வேகமான பையன்களுக்கு இதுதான் வராது. பாய்ந்துபோய் முட்டிக்கொள்வார்கள். ஃபாஸ்டர் நிற்பார். ஆட்டத்தின் நடுவே ஏதோ யோசனை வந்துவிட்டவர் போலத் தோன்றும். பிறகு பார்த்தால் அந்தப் பக்கம் போய்க்கொண்டிருப்பார். 40 கெஜ ஓட்டத்தில் நிற்பவனுக்கு யார் மதிப்பெண் போடுவார்கள்?

அந்த வருடம் 1,616 கெஜம் ஓடி லீகிலேயே முதலாவதாக வந்தார். டிராஃப்டில் விலைபோகாத இன்னொருவர், கான்சஸ் சிட்டியின் பிரீஸ்ட் ஹோம்ஸ், 2002-இல் ஓடியது 1,615. ஒரே ஒரு கெஜம் கூட. மூன்று அடி. தூக்கத்தில் ஒருக்களித்துப் படுத்தாலே அவ்வளவு வரும்.

புகழ் வந்ததும் மனிதரின் மற்ற குணங்களும் வெளியே வந்தன. டச்டவுன் எடுத்தால் மற்றவர்கள் ஆடுவார்கள், பந்தைத் தரையில் அடிப்பார்கள். இவர் கைகூப்பிக் குனிந்து ‘நமஸ்தே’ வைத்தார். டெக்சஸ் காவ்பாய் தேசத்தில் கும்பிடு! ரசிகர்களும் எழுந்து நின்று பதிலுக்குக் கும்பிட்டார்கள். 2011 ஆகஸ்டில் தொடையில் தசை பிடித்துக்கொண்டது. மற்ற அணிகளில் காயம் என்றால் ராணுவ ரகசியம். இவர் தன் எம்ஆர்ஐ படத்தை அப்படியே ட்விட்டரில் போட்டு, அதில் வெள்ளையாகத் தெரிவது ‘அமர்க்களத்துக்கு எதிரான ஒரு திரவம்’ என்ற மாதிரி விளக்கக்குறிப்பும் எழுதினார். கற்பனை அணி வைத்துப் பந்தயம் கட்டும் கும்பல் ‘ஐயோ என் அணி’ என்று பதறியதும், என் காலைப் பற்றிக் கவலைப்படாமல் உங்கள் புள்ளியைப் பற்றிக் கவலைப்படுகிற நீங்கள்தான் நோயாளிகள் என்று ஒரு போடு போட்டார். 2012-இல் வீகன் ஆனேன் என்று அறிவித்தார். மாட்டுக்கறியே மதமாக இருக்கும் டெக்சஸில்! நல்லவேளை, விரதம் ரொம்பக் கறாராக நீடிக்கவில்லை.

அதற்குள் அணி காலில் விழாத குறையாக ஒப்பந்தம் போட்டது: ஐந்து வருடம், 4 கோடியே 35 லட்சம் டாலர். சும்மா தரவில்லை. ஹூஸ்டன் தன் சரித்திரத்தில் முதன்முதலாக பிளேஆஃப் என்கிற நாக்-அவுட் சுற்றில் ஜெயித்தது 2012 ஜனவரியில், சின்சினாட்டிக்கு எதிராக. அன்று 153 கெஜம் ஓடியவர் நம்மாள்தான்.

இனி வருவதுதான் உச்சம். 2013 அக்டோபரில் ஃபான்டெக்ஸ் என்ற கம்பெனி ஒரு திட்டத்தோடு வந்தது. ஃபாஸ்டரையே பங்குச்சந்தையில் விற்பது. இவர் வருங்கால வருமானத்தில் 20 சதவீதத்தை எழுதிக் கொடுப்பார். கைக்கு 1 கோடி டாலர் வரும். பொதுமக்கள் பங்கு ஒன்றுக்கு 10 டாலர் கொடுத்து வாங்கிக்கொள்ளலாம். நாலு வருடத்துக்கு முன்னால் ஓசிக்குக்கூட வேண்டாம் என்று 32 கடைக்காரர்கள் ஒதுக்கிய சரக்கு, இப்போது சில்லறை விலையில்! ஆனால் முதுகு அந்தப் பத்திரத்தில் கையெழுத்துப் போடவில்லை. நவம்பரில் அறுவை சிகிச்சை. விற்பனை தள்ளிவைக்கப்பட்டது. பங்குக்கு முதுகுவலி வந்து சந்தை நின்றது உலகத்தில் வேறெங்கேனும் உண்டா? அந்த வருடம் ஹூஸ்டன் முதல் இரண்டு ஆட்டம் ஜெயித்து, மிச்சம் 14 ஆட்டமும் தோற்றது.

அதே சமயம் ஹாலிவுட்டும் கூப்பிட்டது. 2014-இல் வந்த படத்தின் பெயர் ‘டிராஃப்ட் டே’. கெவின் காஸ்ட்னர் கிளீவ்லண்ட் அணியின் மேலாளர். நம்மாள் ரே ஜென்னிங்ஸ் என்ற கல்லூரி ஓட்டக்காரர். டிராஃப்ட் அன்று, அழைப்பு வருமா வராதா என்று காத்திருக்கும் பாத்திரம். அந்த அனுபவத்தை இவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருந்திருக்காது. படத்தில் அழைப்பு வருகிறது. முதல் சுற்று, 7-ஆவது தேர்வு. நிஜத்தில் 2009-இல் இதே கிளீவ்லண்ட் தன் முறை வந்தபோதெல்லாம் வேறு யார் பெயரையோதான் வாசித்தது.

2015 ஆகஸ்டில், தனக்குக் கடவுள் நம்பிக்கை கிடையாது என்று பத்திரிகையில் வெளிப்படையாகச் சொன்னார். ஞாயிற்றுக்கிழமை காலை தேவாலயம், மதியம் ஃபுட்பால் என்று வாழும் ஊரில், மதியத்தின் நாயகனே காலையைக் கைவிட்டால் எப்படி? அதிர்ந்தவர்கள் ஒன்றைக் கவனித்திருக்கலாம்: கும்பிடு வைப்பதை மட்டும் விடவில்லை. அக்டோபரில் மயாமி மைதானத்தில், பாதி ஆட்டத்திலேயே 41-0 என்று தோற்றுக்கொண்டிருந்த ஆட்டம். அதன் கடைசிக் கட்டத்தில், இனி ஓடி ஆவதற்கு ஒன்றுமில்லாத நேரத்தில், குதிகால் தசைநாண் அறுந்தது. அடுத்த மார்ச்சில் ஹூஸ்டன் கணக்கு முடித்து அனுப்பியது. அங்கே ஓடியது மொத்தம் 6,472 கெஜம். அணியின் சரித்திரத்தில் அவ்வளவு ஓடியவர் இல்லை.

பிறகு எங்கே சேர்ந்தார்? அதே மயாமியில். வருடத் தொடக்கத்தில் இவர்தான் முதல் ஓட்டக்காரர் என்று சொன்னதும், ஜெய் அஜாயி என்ற இளைஞர் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டார். அணி அவரை முதல் ஆட்டத்துக்குக் கூட்டிப்போகாமல் வீட்டில் விட்டுப் போனது. அக்டோபரில் அந்த அஜாயி அடுத்தடுத்து இரண்டு ஆட்டங்களில் 200 கெஜம் தாண்டினார். இரண்டாவது ஆட்டத்துக்கு மறுநாள், 2016 அக்டோபர் 24, ஃபாஸ்டர் ஓய்வை அறிவித்தார். சந்து மூடிக்கொண்டதும் அவருக்குத்தானே முதலில் தெரியும்?

ஓய்வுபெற்றவர்கள் ஓட்டல் வைப்பார்கள், டிவியில் கோட்டுப் போட்டு உட்காருவார்கள். இவர் 2017 ஜனவரியில் ட்விட்டரில் புதிய கொள்கை ஒன்றை முன்வைத்தார்: ஓநாய் ஒன்றோடு தனக்குத் தனியாக மோத வாய்ப்புக் கிடைத்தால், ஆயுதமே இல்லாமல் ஜெயிப்பேன். விளையாட்டுக்குச் சொல்கிறாரா என்று கேட்டவர்களுக்கெல்லாம் பொறுமையாகத் தன் போர்த்தந்திரத்தை விளக்கினார். இணையம் இரண்டு கட்சியாகப் பிரிந்து வாதாடியது. நான் ஃபாஸ்டர் கட்சி. ஆனால் 40 கெஜம் ஓடவிட்டால் ஓநாய்தான் முந்தும். 2009-இல் அது ரேடியோ சிட்டி மண்டபத்து வாசலில் வந்து நின்றிருந்தால், கடிகாரம் பிடித்தவர்கள் எப்படியும் இரண்டாம் சுற்றுக்குள் எடுத்திருப்பார்கள்.