கேள்வி-பதில்: மலை சுற்றியவர், உலகம் சுற்றியவர்

கேள்வி: எங்கள் திருவண்ணாமலைக்கு கேமராவோடு வெளிநாட்டார் வந்துகொண்டே இருக்கிறார்கள். இங்கிருந்து கேமராவோடு வெளிநாடு போனவர் யாராவது உண்டா?

பதில்: உண்டே! ஏ.கே. செட்டியார். பிறந்தது கோட்டையூர், 1911. பள்ளிப் படிப்பு உங்கள் ஊரில். புகைப்படக் கலையை டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் கற்றார். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில், காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் யோசனை தோன்றியது. கப்பலில் நமக்கெல்லாம் வாந்திதான் வரும்! ஊர் ஊராய், நாடு நாடாய் அலைந்து, யார் யாரோ எடுத்துவைத்திருந்த பழைய படச்சுருள்களைத் தேடிச் சேர்த்தார்: சுமார் 50,000 அடி. உங்கள் ஊரில் மலையைச் சுற்றும் கிரிவலம் 14 கிலோமீட்டர். படச்சுருள் தேடி அவர் போன இந்த வலமோ ஏறக்குறைய ஒரு லட்சம் மைல். 1940இல் தமிழ் விளக்கவுரையோடு படம் வெளிவந்தது. 1953இல் ஆங்கில வடிவம் அமெரிக்காவிலும் திரையேறியது.

இத்தனை செய்தவர் தன்னைப் பற்றி வாயே திறக்கமாட்டார். இன்றைய யூடியூபர்கள் கவனிக்க! அந்த அலைச்சலைப் பற்றி அவரே எழுதியது ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற புத்தகமாகக் கிடைக்கிறது. அடுத்த பௌர்ணமிக்குள் படித்துவிடுங்கள்.