தலைக்குக் காசு

மலாயாவின் லிங்கித் தோட்டங்களில் ரப்பர் ஆண்ட காலத்திலேயே மனிதவள மென்பொருள் இருந்தது. அதற்குக் கிராணி என்று பெயர்; தோட்டத்துக் கணக்கர். மின்சாரம் வேண்டாம். விடிகாலை ஆள்கணக்கெடுப்பான பெரட்டுக்கு ஒரு மண்ணெண்ணெய் விளக்கும் செக்ரோல் என்னும் வருகைப் புத்தகமும் போதும். முழுநாளா அரைநாளா என்பது அவருடைய அன்றைய மனநிலையைப் பொறுத்தது.

கூடவே ஆட்களை மேய்க்கும் கங்காணி. வேலைக்கு வந்த ஒவ்வொரு தலைக்கும் அவருக்கு நாளுக்குச் சில காசு உண்டு. காய்ச்சல்காரரையும் லயத்திலிருந்து எழுப்பி நிறுத்திய அக்கறை அங்கே பிறந்ததுதான். 1938இல் இந்தியா தோட்டத்துக்கு ஆள் அனுப்புவதை நிறுத்தியது; தலைக்குக் காசு என்னும் கணக்கு மட்டும் நிற்கவில்லை.

1949இல் நியூஜெர்சியில் ஹென்றி டாப் சம்பளக் கணக்குக் கடை திறந்தார். அதுதான் இன்றைய ஏடிபி நிறுவனம். நம் சென்னையின் ராம்கோ சிஸ்டம்ஸும் நாடு நாடாகச் சம்பளம் போட்டுத் தருகிறது. இந்தத் தொழிலில் கட்டணம் பெரும்பாலும் எப்படி? மாதம், தலைக்கு இவ்வளவு! கங்காணிக்காவது ஆள் வந்தால்தான் காசு; மென்பொருளுக்கு ஆள் மருத்துவ விடுப்பில் படுத்திருந்தாலும் காசு.

மலேசியாவில் இந்தத் தொழிலின் வளர்ச்சிக்கு உரம் போடுவது அரசாங்கம். 1951இல் சேமநிதி, பிறகு சொக்சோ எனும் சமூகப் பாதுகாப்பு, 2018இல் வேலை காப்புறுதி, 2025 பிப்ரவரியில் 1,700 ரிங்கிட் குறைந்தபட்சச் சம்பளம், அதே ஆண்டு அக்டோபரில் அந்நியத் தொழிலாளருக்கும் 2 விழுக்காடு சேமநிதி. சட்டம் மாறினால் மென்பொருளுக்குப் புதுப் பதிப்பு.

இப்போது முகத்தைக் காட்டினால் வருகை பதிவாகுமாம். விடியுமுன் செம்பனைக் காட்டில் நிற்பவருக்கு எந்த முகம் இருக்கும் என்று எந்தச் செயலியும் யோசித்ததாகத் தெரியவில்லை.