எல்லாம் நானே!

பெங்களூரு பொம்மனஹள்ளியில் ரூம் எடுத்துத் தங்கியிருக்கும் நம்ம ஊர்ப் பசங்களைக் கேளுங்கள். பாதிப் பேர் 'ஃபுல் ஸ்டாக்' என்பார்கள். எல்லா வேலையும் ஒரே ஆள் பார்ப்பாராம். சம்பளமும் ஒரே ஆள் சம்பளம்தான்!

சினிமாவில் அந்த வேலையை அந்தக் காலத்திலேயே பார்த்தவர் எஸ்.பாலசந்தர். (கே.பாலசந்தர் இல்லை, சார். மாற்றிச் சொல்வது அவர் காதில் விழுந்திருந்தால் வீணையாலேயே ஒரு போடு போட்டிருப்பார்.)

குடும்பமே அப்படித்தான். 1934-ல் 'சீதா கல்யாணம்'. அப்பா சுந்தரம் ஐயர் ஜனகர், அண்ணன் ராஜம் ராமர், அக்கா ஜெயலட்சுமி சீதை. ஆமாம், சரியாகத்தான் படித்தீர்கள், ராமரும் சீதையும் கூடப் பிறந்தவர்கள்! மிச்சமிருந்த ஏழு வயசுப் பொடியனை ராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்க உட்கார வைத்துவிட்டார்கள்.

பொடியன் வளர்ந்தான். சித்தார், வீணை என்று கையில் கிடைத்ததையெல்லாம் வாசித்தான். வீணைக்கு குரு? கிடையாது. தானே கற்றுக்கொண்டது. தப்பாக வாசித்தால் தலையில் குட்டக்கூட ஆள் இல்லாத சௌகரியம்!

இப்படி நரம்பெல்லாம் சங்கீதம் ஓடுகிற ஆளிடம் 1954-ல் ஏவி.எம். ஒரு படத்தைக் கொடுத்தது. என்ன செய்தார் தெரியுமா? ஒரு பாட்டுகூட வைக்கவில்லை! அதுதான் 'அந்த நாள்', பாட்டே இல்லாத முதல் தமிழ்ப் படம். ஜப்பான்காரன் சென்னையில் குண்டு போட்ட 1943-ல் நடக்கும் கதை. போதாக்குறைக்கு, 'பராசக்தி' சிவாஜியைப் பார்க்க டிக்கெட் வாங்கி வந்தவர்கள் சீட்டில் சரியாக உட்காருவதற்குள் சிவாஜியைச் சுட்டுக் கொன்றுவிட்டார். மிச்சப் படம் முழுக்க, யார் சுட்டது என்ற விசாரணை. ஜனங்கள் கடுப்பானார்கள். ஆனால் டில்லியில் கூப்பிட்டுத் தகுதிச் சான்றிதழ் கொடுத்தார்கள். இன்றைக்கும் விறுவிறுப்பு குறையவில்லை. சாயங்கால டிராஃபிக்கில் போனில் போட்டால், பொம்மனஹள்ளியில் விழுந்த பிணத்துக்கு சில்க் போர்டு தாண்டுமுன் குற்றவாளி கிடைத்துவிடுவார்.

பிறகு மனுஷர் சினிமாவை விட்டு வீணையோடு ஐக்கியமானார். 1982-ல் பத்மபூஷண். அதோடு சும்மா இருந்தாரா? புது ராகம் படைத்ததாகச் சொன்ன பாலமுரளி கிருஷ்ணாவோடு மல்லுக்கட்டினார். சுவாதித் திருநாள் ராஜாவின் பாட்டெல்லாம் அவர் எழுதியதே இல்லை என்று கிளம்பி, பாடகர் செம்மங்குடியோடும் மோதினார். ராஜாவே செத்து நூறு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. அவரையும் விடவில்லை!

இவ்வளவு 'நான்' இருக்கும் ஆசாமி, சினிமாவை விடுவதற்கு முன்பு, 1964-ல் 'பொம்மை' எடுத்தார். தயாரிப்பு, இயக்கம், இசை, நடிப்பு எல்லாம் அவரேதான். தமிழுக்கு யேசுதாஸ் என்ற கேரளத்துப் பையனைக் கூட்டி வந்ததும் அந்தப் படத்தில்தான். குண்டு வைத்த பொம்மை கை மாறி மாறிப் போய், ஒருவழியாகப் படம் முடிந்தது. இனி வணக்கம் போட வேண்டியதுதானே? இல்லை. கேமராவுக்குப் பின்னால் உழைத்தவர்களை ஒவ்வொருவராகத் திரைக்குக் கூப்பிட்டு, 'இவர் இன்ன வேலை செய்தார்' என்று அறிமுகம் செய்ய ஆரம்பித்துவிட்டார்.