அறிக்கை முன்னே, ஆள் பின்னே

காணாமல் போனவரைத் தேடுவது காவல்துறையின் வேலை. காவல்துறையைத் தேடவைப்பது உயர் நீதிமன்றத்தின் வேலை. அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் ஆட்கொணர்வு மனு போட்டால், ஆளுக்கு முன்னதாக நிலை அறிக்கை வரும். அதற்கும் முன்னதாக அவகாசக் கோரிக்கை. காணாமல் போகும் குழந்தைகளுக்கு முதல் தகவல் அறிக்கை பதிந்தே ஆகவேண்டும் என்று 2013இல் உச்ச நீதிமன்றம் சொல்லவேண்டியிருந்தது. தேடுவது அதற்கடுத்த கட்டம்.

காவலர்களுக்குத் தேடத் தெரியாது என்பது அவதூறு. ஹைதராபாத்தின் போவன்பள்ளியில் 2021 ஜனவரி 5 அன்று, வருமான வரி அதிகாரிகளாக நடித்த கும்பல் சகோதரர் மூவரைக் கடத்திச் சென்றது. சில மணி நேரத்தில் மூவரும் மீண்டார்கள். அவர்கள் அப்போதைய முதல்வரின் உறவினர்கள் என்று பத்திரிகைகள் எழுதின. ஆட்கொணர்வு மனுவைத் தட்டச்சு செய்யக்கூட யாருக்கும் நேரம் வாய்க்கவில்லை.