தறி நின்ற பிறகு

அப்போதெல்லாம் எங்கள் சோமனூர் வீட்டில் தறி ஓடினால்தான் எல்லோருக்கும் தூக்கம் வரும். சுவருக்கு அந்தப் பக்கம் தறிக்குடோன். எட்டு விசைத்தறிகள் விடிய விடிய அடிக்கும். கரண்ட் போனால் அப்பா திடுக்கிட்டு எழுந்து உட்கார்ந்துவிடுவார். தொட்டிலில் தங்கச்சி அழுவாள். தறி நின்றால் கூலி நின்றது என்று பச்சைக்குழந்தைக்கும் தெரிந்திருந்தது.

பள்ளிக்கூடத்தை விட்டதும் நானும் 12 மணி நேர ஷிப்டில் இறங்கினேன். நாடா பறக்கிற இடத்தில் பேச்சு எடுபடாது. இழை அறுந்தது, டீ வந்தது, அப்பா வருகிறார் எல்லாமே கைஜாடைதான். வெளியே வந்தால் காதுக்குள் 'ஙொய்' என்று ஒரு வண்டு சுற்றும். "தூங்கி எந்திரிச்சாப் போயிரும் கண்ணு" என்பார் அப்பா. போய்விடும்.

இப்போது தறிகளைப் பழைய இரும்புக்கு எடை போட்டு ஆறு வருஷம் ஆகிறது. வீட்டில் அப்படியோர் அமைதி. அந்த நேரம் பார்த்து வண்டு வந்தது; இந்த முறை போகவில்லை. முதலில் கொல்லையில் சில்வண்டைத் தேடினேன். பிறகு ஃபிரிட்ஜ் மேல் சந்தேகம். "ஏனுங்க, எனக்கு ஒண்ணுமே கேக்கலீங்களே" என்றாள் வீட்டுக்காரி. எனக்காக மட்டும் ஓடுகிற தறி இது என்று அன்றைக்குத்தான் உறைத்தது. கால் ஒடிந்தால் கட்டாவது தெரியும். இதை யாரிடம் காட்டுவது? ராத்திரி இரண்டு மணிக்குக் கூரையைப் பார்த்துக் கிடப்பேன். காலையில் பேரன் ஆசையாகக் கூப்பிட்டாலும் எரிந்து விழுவேன். பிறகு அவன் முகத்தைப் பார்க்க முடியாது.

கேட்புச் சோதனையில் 4,000 ஹெர்ட்ஸ் பக்கம் கோடு பள்ளத்தில் விழுந்திருந்தது. உள்காதின் நுண்மயிர்ச் செல்கள் செத்தால் மறுபடி முளைக்காதாம். அங்கிருந்து வராத சத்தத்தை மூளையே உண்டாக்கிக்கொள்கிறதாம். "மாத்திரையில் நிற்காது, பழகிக்கொள்ளலாம். சத்தமே இல்லாத அறையில் படுக்காதீர்கள்" என்றார் டாக்டர். ஆகவே மார்கழிக் குளிரில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு ஃபேனை ஓடவிடுகிறேன். அப்பாவுக்குப் பிள்ளைதானே.

நாளுக்கு 8 மணி நேரமென்றால் 85 டெசிபலுக்குமேல் காதுக்கு ஆகாது என்கிறார்கள். தறிக்குடோன் 90-ஐச் சாதாரணமாகத் தாண்டும். பக்கத்து ஊரில் தறி ஓட்டும் தங்கச்சி மகனுக்குக் காதடைப்பான் வாங்கிக் கொடுத்தேன். குடோன் ஆணியில் பத்திரமாக மாட்டி வைத்திருக்கிறான்.