லாக் டூ சார்

எவ்வளவு பெரிய தொகையைச் சொன்னாலும் அசராத ஆசாமி ஒருவர் அநேகமாக எல்லா ஆபீசிலும் இருக்கிறார். "எதிர் வீடு ஒரு கோடிக்குப் போச்சாம் சார்" என்றால் நாமெல்லாம் வாயைப் பிளப்போம். அவர் செல்போனை எடுப்பார். மடக்கை கணக்கிடும் இணையதளம் அதில் எப்போதும் திறந்தே கிடக்கும். அடிமானம் 2 தானா என்று மூக்குக் கண்ணாடியை ஏற்றிச் சரிபார்த்துவிட்டு, ஒன்று போட்டு ஏழு சைபரையும் வாய்விட்டு எண்ணி அடிப்பார்.

"இருபத்து மூணே கால். இதுக்கா இத்தனை ஆர்ப்பாட்டம்?"

ஒரு லட்சத்துக்குப் பதினாறரைச் சொச்சம். ஆக, லட்சாதிபதிக்கும் கோடீஸ்வரனுக்கும் ஏழுகூட வித்தியாசமில்லை என்று நிரூபித்துவிட்டு டீ குடிக்கப் போவார். காசு நம்முடையது.

கணக்கில் தப்பில்லை என்பதுதான் சங்கடம். ஓர் எண்ணைப் பாதி பாதியாக வெட்டிக்கொண்டே வந்தால் எத்தனை வெட்டில் ஒன்றாகும்? அதுதான் விடை. 1024-க்குப் பத்து. விம்பிள்டன் ஒற்றையரில் 128 பேர் இறங்கினால் கோப்பைக்கு ஏழே சுற்று. நேப்பியர் 1614-இல் மடக்கையை வெளியிடுவதற்குப் பல நூற்றாண்டு முன்பே, சமண அறிஞர் வீரசேனர் தம் 'தவளா' உரையில் இந்தப் பாதி வெட்டுக்கு அர்த்தச்சேதம் என்ற பெயரில் விதிகளும் எழுதிவிட்டார். பாவம், அது எந்தக் கைக்குப் போய்ச் சேரும் என்று அவருக்கு எப்படித் தெரியும்!

வீட்டில் நிலைமை இன்னும் மோசம்.

"என்னங்க, பவுன் விலை ரெண்டு மடங்காயிடுச்சு. அப்பவே வாங்கியிருக்கலாம்."

"ரெண்டு மடங்குன்னா லாக்ல ஒண்ணுதான் கூடும். ஒண்ணு ஏறினதுக்கா அழறே?"

அந்த அம்மாள் ஒரு நாள் சாம்பாரில் உப்பை இரண்டு மடங்காகப் போட்டுவிட்டு, "ஒண்ணுதாங்க கூடியிருக்கு" என்றதாகக் கேள்வி. நான் நம்புகிறேன்.

சம்பள உயர்வு வரும் மாதத்தில் மட்டும் அந்த இணையதளம் அவருக்குத் திறக்காது. அப்போது பைசா சுத்தமாகப் பச்சைக் கணக்குதான். தனக்கு வர வேண்டியது ரூபாயில், தான் தர வேண்டியது மடக்கையில்.

நாலாயிரம் கைமாற்றுக் கொடுத்தவர் ஒருவர் திருப்பிக் கேட்டார். சார் தட்டிப் பார்த்தார்: 11.97. பன்னிரண்டு ரூபாயை எடுத்து நீட்டி, "சில்லறையை நீங்களே வெச்சுக்குங்க" என்றார் பெருந்தன்மையாக.

"விளையாடாதீங்க சார், முழுசா அடைங்க."

"அடைச்சா பாக்கி சைபர் ஆயிடும். சைபரைப் போட்டா இது மைனஸ் இன்ஃபினிட்டிங்குது, பாருங்க. உங்களைப் போய் அந்தப் பாதாளத்துல தள்ளுவேனா?"